மாதாமாதம் போகும் பணம்: படைப்பாளர் சந்தாவை நிறுத்துவது பற்றி அடிக்கடி கேட்கப்படும் கேள்விகள்

யூடியூபில் ஒரு சேனலுக்கு ‘ஜாயின்’, பேட்ரியானில் ஓர் ஓவியருக்கு மாதம் ஐந்து டாலர், சப்ஸ்டாக்கில் ஒரு எழுத்தாளருக்கு ஆண்டுச் சந்தா. விரும்பித்தான் சேர்கிறோம். ஆறு மாதம் கழித்து அந்தப் பக்கம் எட்டிக்கூடப் பார்ப்பதில்லை, பணம் மட்டும் தவறாமல் போய்க்கொண்டிருக்கிறது. சொந்தக்காரர்களும் அக்கம்பக்கத்தினரும் கைபேசியை நீட்டி என்னிடம் கேட்ட கேள்விகளை இங்கே தொகுத்திருக்கிறேன். இந்தியாவில் இருப்பவர்களை மனத்தில் வைத்தே எழுதியது. வெளிநாட்டில் இருப்பவர்களுக்குக் கடைசிப் பகுதியில் ஒரு கேள்வி உண்டு.

எங்கிருந்து ஆரம்பிப்பது?

பணம் எந்த வாசல் வழியாகப் போகிறது என்று கண்டுபிடிப்பதிலிருந்து. சேர்ந்த வாசலிலேயேதான் வெளியே வர முடியும். வாசல்கள் மூன்று: அந்தத் தளமே நேரடியாகப் பணம் வாங்கியிருக்கலாம், கூகுள் பிளே வாங்கியிருக்கலாம், ஆப்பிள் வாங்கியிருக்கலாம். ஒரே படைப்பாளர், ஒரே தளம் என்றாலும், நீங்கள் கணினியில் சேர்ந்தீர்களா, ஐபோன் செயலிக்குள் சேர்ந்தீர்களா என்பதைப் பொறுத்து வாசல் மாறும். மூன்றுக்கும் பின்னால் உங்கள் வங்கி நிற்கிறது. அதைக் காவலாளி என்று வைத்துக்கொள்ளுங்கள். அதைப் பற்றிப் பிறகு விரிவாகச் சொல்கிறேன்.

வாசலைக் கண்டுபிடிக்க எளிய வழி, பணம் போன அன்று வந்த ரசீது மின்னஞ்சல். அது ஆப்பிளிடமிருந்து வந்ததா, கூகுள் பிளேயிடமிருந்து வந்ததா, தளத்திடமிருந்தே வந்ததா என்று அனுப்புநர் பெயரைப் பாருங்கள். மின்னஞ்சல் கிடைக்காவிட்டால் வங்கிக் கணக்கு அறிக்கையில் அந்த வரியைப் பாருங்கள். ஆப்பிள் என்றோ கூகுள் என்றோ பேட்ரியான் என்றோ பெயர் அதிலேயே இருக்கும்.

ஆப்பையே டெலீட் பண்ணிவிட்டேன். பிறகும் ஏன் பணம் எடுக்கிறார்கள்?

என்னிடம் அதிகம் வந்த கேள்வி இதுதான். செயலியை நீக்கினால் கைபேசியில் உள்ள படம்தான் போகும், ஒப்பந்தம் போகாது. கூகுளும் ஆப்பிளும் இதைத் தங்கள் உதவிப் பக்கங்களில் தெளிவாகவே சொல்லியிருக்கின்றன. செயலியை நீக்குவதற்கு முன்பு சந்தாவை ரத்து செய்யுங்கள். ஏற்கெனவே நீக்கிவிட்டீர்கள் என்றாலும் பரவாயில்லை, திரும்ப நிறுவத் தேவையில்லை. பிளே ஸ்டோரில் உங்கள் படத்தைத் தொட்டு, ‘பேமென்ட்ஸ் அண்ட் சப்ஸ்கிரிப்ஷன்ஸ்’ பகுதிக்குள் போனால் சந்தாப் பட்டியல் இருக்கும். ஐபோனில் செட்டிங்ஸில் மேலே உள்ள உங்கள் பெயரைத் தொட்டு ‘சப்ஸ்கிரிப்ஷன்ஸ்’ பாருங்கள்.

யூடியூப் சேனலை ‘அன்சப்ஸ்கிரைப்’ செய்துவிட்டேனே?

அது வேறு, இது வேறு. ‘சப்ஸ்கிரைப்’ இலவசம். ‘ஜாயின்’ என்பதுதான் மாதக் கட்டணம். நம் ஊரில் ‘சப்ஸ்கிரைப் பண்ணுங்க, பெல் ஐகானை அழுத்துங்க’ என்று கேட்டுக் கேட்டு, இரண்டும் ஒன்றுதான் என்று பெரியவர்கள் பலர் நினைக்கிறார்கள். இலவசப் பொத்தானை விலக்கினாலும் ‘ஜாயின்’ அப்படியே ஓடிக்கொண்டிருக்கும்.

யூடியூபில் உங்கள் கணக்குப் படத்தைத் தொட்டு, ‘பர்ச்சேஸஸ் அண்ட் மெம்பர்ஷிப்ஸ்’ பக்கத்துக்குப் போங்கள். எந்தெந்தச் சேனலுக்குப் பணம் கட்டுகிறீர்கள் என்று அங்கே வரிசையாக இருக்கும். அங்கே ரத்து செய்தாலும் கட்டிய மாதம் முடியும்வரை சலுகைகள் இருக்கும். மீதி நாட்களுக்குப் பணம் திரும்பாது. ஐபோன் செயலிக்குள் சேர்ந்தவர்கள் ஆப்பிள் சந்தாப் பட்டியலுக்குத்தான் போக வேண்டும்.

பேட்ரியானில் எப்படி?

செட்டிங்ஸில் ‘மெம்பர்ஷிப்ஸ்’ பகுதியில் படைப்பாளரின் பெயருக்கு எதிரே திருத்தும் வசதி இருக்கும், அதற்குள் ரத்து இருக்கும். காரணம் கேட்பார்கள், சொல்லலாம், சொல்லாமலும் விடலாம்.

பேட்ரியானில் கவனிக்க வேண்டியவை இரண்டு. முதலாவது, தேதி. சில படைப்பாளர்களின் பக்கங்களில் நீங்கள் சேர்ந்த தேதியே மாதாமாதம் வரும். வேறு சிலவற்றில், எப்போது சேர்ந்தாலும் மாதத்தின் 1ஆம் தேதிதான் கணக்கு. அப்படிப்பட்ட பக்கத்தில் 28ஆம் தேதி சேர்ந்து அன்றே பணம் கட்டியவரிடம் மூன்று நான்கு நாளில் மறுபடியும் வசூலாகும். ஏமாற்றிவிட்டார்கள் என்று கொதித்த ஒரு தம்பிக்கு இதை விளக்கவே எனக்கு அரை மணி நேரம் ஆனது. மாதக் கடைசியில் சேர நினைத்தால் இரண்டு நாள் பொறுத்து 1ஆம் தேதிக்கு மேல் சேருங்கள்.

இரண்டாவது, ஐபோன். 2024 நவம்பரிலிருந்து ஆப்பிளின் விதிப்படி, பேட்ரியானின் ஐபோன் செயலிக்குள் புதிதாகச் சேர்பவர்களின் பணம் ஆப்பிள் வழியாகப் போகத் தொடங்கியது. அப்படிச் சேர்ந்திருந்தால் நிறுத்த வேண்டிய இடமும் ஆப்பிள்தான்.

இன்ஸ்டாகிராம், சப்ஸ்டாக், ட்விட்ச்?

இன்ஸ்டாகிராம் செயலிக்குள் எடுத்த சந்தாவை பிளே ஸ்டோரிலோ ஆப்பிளிலோ நிறுத்த வேண்டும். அந்த நபரைப் பின்தொடர்வதை நிறுத்துவது போதாது. சப்ஸ்டாக்கில் செட்டிங்ஸில் குறிப்பிட்ட எழுத்தாளரின் பெயரைத் திறந்து கட்டணச் சந்தாவை மட்டும் ரத்து செய்யலாம், இலவச மடல்கள் தொடர்ந்து வரும். நேரலைத் தளமான ட்விட்சில் வேறு ஒருவர் உங்களுக்குப் பரிசாகக் கொடுத்த சந்தா தானாகப் புதுப்பிக்காது. நீங்கள் எடுத்ததுதான் புதுப்பிக்கும்.

வெளியே சொல்லக் கூச்சமான சந்தா. யாரிடமும் கேட்க முடியவில்லை.

ஒன்லிஃபேன்ஸ் போன்ற தளங்களைத்தான் சொல்கிறீர்கள் என்று எடுத்துக்கொள்கிறேன். கூச்சத்தால் மாதக்கணக்கில் பணத்தை விட்டவர்கள் இருக்கிறார்கள், அதனால் நேராகவே சொல்கிறேன். அங்கே ஒவ்வொருவர் பக்கத்துக்கும் ‘ஆட்டோ ரின்யூ’ தனித்தனியாக இருக்கும். ஐந்து பேருக்குச் சந்தா இருந்தால் ஐந்து இடத்திலும் அணைக்க வேண்டும். அணைத்தபின், கட்டிய காலம் முடியும்வரை பக்கம் திறந்திருக்கும், பிறகு தானாக மூடிக்கொள்ளும். நீங்கள் அணைத்ததைச் சொல்லி யாரும் வீட்டுக்குக் கடிதம் போட மாட்டார்கள். ‘பணம் அனுப்பாவிட்டால் குடும்பத்திடம் சொல்லிவிடுவேன்’ என்று யாராவது மிரட்டினால் அது சந்தா விவகாரம் அல்ல, மிரட்டிப் பணம் பறிக்கும் குற்றம். ஒரு ரூபாயும் அனுப்பாமல், உரையாடலைப் படம் பிடித்து வைத்துக்கொண்டு 1930 எண்ணில் சைபர் குற்றப் பிரிவைக் கூப்பிடுங்கள்.

பட்டியலில் அந்தச் சந்தாவே இல்லை. ஆனால் பணம் போகிறது. எப்படி?

பத்தில் எட்டு முறை நான் பார்த்தது வேறு கணக்கு. நம் கைபேசிகளில் இரண்டு மூன்று ஜிமெயில் இருக்கும்: பழையது ஒன்று, அலுவலகத்துக்கு ஒன்று, கடைக்காரர் புதுப் போன் விற்கும்போது உருவாக்கிக் கொடுத்தது ஒன்று. பிளே ஸ்டோரில் ஒவ்வொரு கணக்காக மாற்றிப் பட்டியலைப் பாருங்கள். வீட்டில் குழந்தையின் டேப்லெட்டில் உங்கள் கார்டு ஏறியிருக்கிறதா என்றும் பாருங்கள்.

ஆப்பிளில் இன்னொன்று. ஆப்பிள் கணக்கில் நீங்கள் முன்பே போட்டுவைத்த இருப்பிலிருந்து சந்தா எடுக்கப்பட்டால் வங்கியிலிருந்து குறுஞ்செய்தி வராது. ரசீது மின்னஞ்சல் மட்டும்தான் வரும், அதை நாம் திறப்பதில்லை.

தளத்தில் நிறுத்த வழியே தெரியவில்லை. வங்கி மூலம் நிறுத்தலாமா?

நிறுத்தலாம். இந்தியாவில் இது உங்கள் உரிமை. இதை அறியாமல் பலர் கார்டையே முடக்குகிறார்கள் என்பதால் கொஞ்சம் விரிவாகச் சொல்கிறேன்.

ரிசர்வ் வங்கி 2019 ஆகஸ்டில் வெளியிட்டு, 2021 அக்டோபர் 1 முதல் முழுமையாக நடைமுறைக்குக் கொண்டுவந்த இ-மேண்டேட் விதிகள் இருக்கின்றன. கார்டிலோ யுபிஐயிலோ தொடர்ந்து பணம் எடுக்க ஒருவர் விரும்பினால், முதல்முறை நீங்கள் ஓடிபி போன்ற கூடுதல் சரிபார்ப்புடன் அனுமதி தர வேண்டும். அந்த அனுமதிக்குப் பெயர்தான் மேண்டேட். பணம் எடுப்பதற்குக் குறைந்தது 24 மணி நேரம் முன்பு, யார், எவ்வளவு, எந்தத் தேதியில் எடுக்கப்போகிறார்கள் என்று வங்கி உங்களுக்கு அறிவிக்க வேண்டும். அந்தத் தவணையை மட்டும் மறுக்கவும் மொத்த அனுமதியையே விலக்கவும் அதில் வழி தந்தாக வேண்டும். ஒரு தவணை 15,000 ரூபாயைத் தாண்டினால் ஒவ்வொரு முறையும் தனியாக ஓடிபி வேண்டும். படைப்பாளர் சந்தாக்கள் பெரும்பாலும் அந்த வரம்புக்குள்தான் வரும், ஆகவே ஓடிபி இல்லாமலே எடுபடும். மேண்டேட்டை எப்போது வேண்டுமானாலும் இணையத்திலேயே ரத்து செய்யும் வசதியை வங்கி கொடுத்தாக வேண்டும், இந்த வசதிக்காக உங்களிடம் கட்டணமும் வாங்கக் கூடாது.

எங்கே பார்ப்பது? உங்கள் வங்கிச் செயலியில் அல்லது நெட்பேங்கிங்கில் கார்டு பகுதியில் ‘இ-மேண்டேட்’, ‘ஸ்டாண்டிங் இன்ஸ்ட்ரக்‌ஷன்’, ‘ரெக்கரிங் பேமென்ட்ஸ்’ என ஏதாவது ஒரு பெயரில் இருக்கும். ஒவ்வொரு வங்கியும் ஒவ்வொரு மூலையில் வைத்திருக்கிறது. கிடைக்காவிட்டால், அந்த முன்னறிவிப்புக் குறுஞ்செய்தியிலேயே நிர்வகிக்கும் இணைப்பு இருக்கும். செய்தி உங்கள் வங்கியின் வழக்கமான அனுப்புநர் பெயரில்தான் வந்ததா என்று பார்த்துவிட்டுத் தொடுங்கள்.

ஒன்றை மறக்க வேண்டாம். வங்கியில் மேண்டேட்டை நிறுத்தினால் பணம் நிற்கும். தளத்தைப் பொறுத்தவரை உங்கள் சந்தா இன்னும் ‘நிலுவை’யாகவே இருக்கலாம். தளத்திலும் ரத்து செய்வதுதான் முழுமை. தளம் ஒத்துழைக்காதபோது வங்கி வழி.

யுபிஐ ஆட்டோபே என்றால்?

யுபிஐ வழியாகத் தவணைதோறும் பணம் எடுக்க நீங்கள் தரும் மேண்டேட். 2020 ஜூலையில் வந்தது. கூகுள் பே, போன்பே போன்றவற்றில் உங்கள் சுயவிவரப் படத்தைத் தொட்டால் ‘ஆட்டோபே’ என்று இருக்கும். அதற்குள் ஒவ்வொரு மேண்டேட்டும் தெரியும். யுபிஐ பின் போட்டு ரத்து செய்யலாம். இரண்டு யுபிஐ செயலி வைத்திருந்தால் இரண்டிலும் பாருங்கள். பணம் இல்லாமல் கணக்கைக் காலியாக வைத்தால் சந்தா தானே அறுந்துவிடும் என்று நம்பி உட்கார வேண்டாம். ஒரு தவணைக்கு முதல் முயற்சி தோற்றாலும் மறுபடி மூன்று முறை முயல விதி இடம் தருகிறது. அதற்குள் சம்பளம் வந்துவிட்டால் போயிற்று.

‘1 ரூபாய்க்கு 7 நாள்’ என்று போட்டிருந்தார்கள். 1 ரூபாய்தானே கட்டினேன்?

என் அத்தை ஒரு ஜோதிடச் செயலியில் இப்படித்தான் சேர்ந்தார். 1 ரூபாய் போனது தெரியும். எட்டாம் நாள் 499 ரூபாய் போனது தெரியாது. மூன்று மாதத்துக்கு ஒருமுறை என்பதால் அடுத்த தடவை போனதும் தெரியவில்லை. வங்கிப் புத்தகத்தில் பதிவு போடப் போனபோது மாமாதான் கண்டுபிடித்தார், வீட்டில் ஒரு வாரம் பேச்சுவார்த்தை இல்லை. அத்தை செய்த தவறு என்று நான் எதையும் சொல்ல மாட்டேன். 1 என்ற எண்ணைப் பெரிதாகவும் 499 என்பதைச் சாம்பல் நிறத்தில் பொடியாகவும் போட்டவர்கள் மீதுதான் என் கோபம்.

பின் போடும் திரையை நிதானமாகப் படியுங்கள். அங்கே ‘அதிகபட்சம் இவ்வளவு வரை’ என்று ஒரு தொகையும், எவ்வளவு நாளுக்கு ஒருமுறை, எந்த ஆண்டு வரை என்பதும் எழுதியிருக்கும். விளம்பரத்தில் உள்ள 1 ரூபாயை விட்டுவிடுங்கள், நீங்கள் கையெழுத்துப் போடுவது அந்த அதிகபட்சத் தொகைக்குத்தான். சோதனைக் காலத்துக்காகச் சேர்ந்தால் சேர்ந்த அன்றே ரத்து செய்துவிடலாம். பெரும்பாலானவற்றில் மீதி நாட்களும் பார்க்கக் கிடைக்கும். ஆப்பிளின் சொந்தச் சேவைகள் சிலவற்றில் மட்டும் ரத்து செய்த உடனே இலவசக் காலமும் முடிந்துவிடும்.

எந்த நாளில் ரத்து செய்வது பாதுகாப்பு?

புதுப்பிக்கும் தேதிக்கு இரண்டு நாள் முன்பு. சோதனைக் காலம் முடிய 24 மணி நேரம் முன்பே ரத்து செய்யச் சொல்கிறது ஆப்பிள். அதோடு நேர வித்தியாசமும் இருக்கிறது. அமெரிக்க மேற்குக் கரையில் நள்ளிரவு என்றால் நமக்கு மதியம் 12.30 அல்லது 1.30. நம் நாட்காட்டியை மட்டும் நம்பிக் கடைசி நாள்வரை இழுக்க வேண்டாம். ரத்து செய்தபின் வரும் உறுதி மின்னஞ்சலையும், ‘இந்தத் தேதியோடு முடியும்’ என்று காட்டும் திரையின் படத்தையும் எடுத்து வைத்துக்கொள்ளுங்கள். பின்னால் தகராறு என்று வந்தால் கையில் இருக்கும் சாட்சி அதுதான்.

போன பணம் திரும்பக் கிடைக்குமா?

சில நேரம் கிடைக்கும். கேட்பதில் தாமதம் கூடாது. கூகுள் பிளேயில் வாங்கி 48 மணி நேரத்துக்குள் கேட்டால் வாய்ப்பு அதிகம். ஆப்பிளுக்கு ‘ரிப்போர்ட் எ ப்ராப்ளம்’ என்ற தனிப் பக்கம் உண்டு. அதில் ரசீதைத் தேர்ந்தெடுத்து, புதுப்பிக்க எண்ணமில்லை என்ற காரணத்தைக் குறிப்பிடலாம். நேரடியாகத் தளத்தில் கட்டியிருந்தால் படைப்பாளருக்கே மரியாதையாக ஒரு செய்தி அனுப்பிப் பாருங்கள். ‘தெரியாமல் புதுப்பித்துவிட்டது, இந்த மாதம் நான் எதையும் திறக்கவில்லை’ என்ற இரண்டு வரி போதும். தனி ஆளாக உழைக்கிறவர்கள் பெரும்பாலும் நியாயமாகவே நடந்துகொள்கிறார்கள்.

வங்கியில் ‘டிஸ்பியூட்’ போட்டுப் பணத்தை இழுத்துவிடலாமா?

நீங்களே ஒப்புக்கொண்டு சேர்ந்து, ரத்து செய்ய மறந்த சந்தாவுக்கு அதைச் செய்யாதீர்கள். அது மோசடிக்கு எதிரான ஆயுதம். மறதிக்காக அதை எடுத்தால் தளம் உங்கள் கணக்கை முடக்கலாம், படைப்பாளருக்கும் அபராதச் செலவு விழலாம்.

ஆனால் நீங்கள் முறைப்படி ரத்து செய்த பிறகும் பணம் எடுத்திருந்தால், அல்லது சேரவே இல்லை என்றால், தயங்க வேண்டியதில்லை. ரிசர்வ் வங்கியின் 2017 ஜூலை விதிப்படி, உங்கள் தவறோ வங்கியின் தவறோ இல்லாமல் அனுமதியின்றிப் பணம் போயிருந்து, தகவல் வந்த மூன்று வேலைநாளுக்குள் வங்கிக்குச் சொல்லிவிட்டால் இழப்பு உங்கள் தலையில் விழாது. வங்கி 30 நாளில் தீர்க்காவிட்டால் ரிசர்வ் வங்கியின் குறைதீர்ப்பாளரான ஆர்பிஐ ஒம்புட்ஸ்மேனிடம் இலவசமாகப் புகார் செய்யலாம். தகவலுக்கு 14448.

கார்டை பிளாக் செய்துவிட்டால் எல்லாம் தீர்ந்துவிடாதா?

மின்கட்டணம், காப்பீடு, பிள்ளையின் கல்விச் சந்தா எல்லாம் அதே கார்டில்தானே ஓடுகின்றன? அவையும் சேர்ந்து அறுந்துவிடும். மேலும் வங்கி புதுக் கார்டு கொடுக்கும்போது பழைய அனுமதிகளைப் புது எண்ணுக்கு மாற்றிவிடும் ஏற்பாடுகள் கார்டு நிறுவனங்களிடம் இருக்கின்றன, நீங்கள் நிறுத்த நினைத்த சந்தாவே அப்படித் தொடரலாம். எலிக்குப் பயந்து வீட்டைக் கொளுத்துவானேன். மேண்டேட்டை மட்டும் நீக்குங்கள்.

ரத்து பொத்தானை ஒளித்துவைக்கிறார்கள். இது சட்டப்படி சரியா?

சரியல்ல. 2023 நவம்பர் 30 அன்று மத்திய நுகர்வோர் பாதுகாப்பு ஆணையம் ‘டார்க் பேட்டர்ன்’ எனப்படும் 13 வகை ஏமாற்று வடிவமைப்புகளைத் தடைசெய்து வழிகாட்டு நெறிகள் வெளியிட்டது. அதில் ‘சந்தாப் பொறி’ தனியாகவே இருக்கிறது. ரத்து செய்வதைச் சிக்கலாக்குவது, ரத்து வசதியை மறைப்பது, இலவசச் சோதனைக்கே பணம் எடுக்கும் அனுமதியைக் கட்டாயமாக வாங்குவது எல்லாம் அதில் அடங்கும். ‘போகாதே, எங்கள் மனம் நோகும்’ என்ற தொனியில் வெட்கப்பட வைக்கும் திரைகள்கூட இன்னொரு வகையாக அதே பட்டியலில் உண்டு. தேசிய நுகர்வோர் உதவி எண் 1915, தமிழிலேயே பேசலாம். ஸ்கிரீன்ஷாட்கள், தேதி, தொகை மூன்றையும் கையில் வைத்துக்கொண்டு கூப்பிடுங்கள்.

கூகுளில் ‘கஸ்டமர் கேர் நம்பர்’ தேடிக் கூப்பிடலாமா?

வேண்டவே வேண்டாம். சந்தாவில் 200 ரூபாய் போனதை மீட்கப் போய், போலி எண்ணில் பேசி, திரையைப் பகிரும் செயலியை நிறுவச் சொன்னதை நம்பிச் சேமிப்பையே இழந்தவர்கள் இருக்கிறார்கள். பணத்தைத் திருப்பித் தர எவருக்கும் உங்கள் ஓடிபியோ யுபிஐ பின்னோ தேவையில்லை. பணம் பெற பின் போட வேண்டியதே இல்லை. உதவியைச் செயலிக்குள் உள்ள ‘ஹெல்ப்’ பகுதியில் மட்டும் தேடுங்கள். ஏமாந்துவிட்டால் அந்த நிமிடமே 1930.

நான் வெளிநாட்டில் இருக்கிறேன். எனக்கு?

ஜெர்மனியில் 2022 ஜூலை 1 முதல், இணையத்தில் சந்தா விற்பவர்கள் ரத்துப் பொத்தானைத் தெளிவாகத் தெரியும்படி வைத்தாக வேண்டும். கணக்குக்குள் ‘லாகின்’ செய்யாமலே அதை அழுத்த முடிய வேண்டும். அமெரிக்காவில் சேர்வது போலவே ரத்தும் எளிதாக இருக்க வேண்டும் என்ற கூட்டாட்சி விதியை அந்நாட்டு வர்த்தக ஆணையமான எஃப்டிசி 2024 அக்டோபரில் இறுதிசெய்தது. 2025 ஜூலையில் மேல்முறையீட்டு நீதிமன்றம் அதை நீக்கிவிட்டது. ஆனால் 2010ஆம் ஆண்டின் பழைய சட்டம் ஒன்றும் கலிஃபோர்னியா போன்ற மாநிலச் சட்டங்களும் உயிரோடு இருக்கின்றன. இணையத்தில் சேர்ந்தவருக்கு இணையத்திலேயே விலக வழி தர வேண்டும் என்கிறது கலிஃபோர்னியா.

அப்பா தவறிவிட்டார். அவர் கணக்கிலிருந்து இன்னும் சந்தா போகிறது.

முதலில் அவருடைய சிம்மை உயிரோடு வையுங்கள். துக்கத்தில் அதை விட்டுவிடுகிறார்கள். அந்த எண் போய்விட்டால் எந்தச் செய்தியையும் பார்க்க முடியாது, எண் வேறு ஒருவருக்கும் போய்விடும். இறப்புச் சான்றிதழோடு வங்கிக்குப் போய்த் தகவல் கொடுங்கள். கணக்கு நிறுத்தப்பட்டதும் அதன் மேல் உள்ள மேண்டேட்டுகளும் ஓடாது. அவர் பின்னை வைத்து நீங்களே பணம் எடுப்பதோ மாற்றுவதோ சட்டச் சிக்கல் ஆகிவிடும், அதைத் தவிர்த்து நாமினி வழியாகவே போங்கள். அவர் மின்னஞ்சலில் ‘ரசீது’, ‘ரின்யூவல்’ என்று தேடினால் எங்கெங்கே சேர்ந்திருந்தார் என்பது தெரியவரும். என் நண்பர் அப்படித் தேடியபோது, அவருடைய அப்பா ஒரு நாதஸ்வரக் கலைஞரின் சேனலுக்கு மூன்று ஆண்டுகளாக மாதம் 59 ரூபாய் கட்டிவந்தது தெரிந்தது. மற்ற எல்லாவற்றையும் நிறுத்தினார். அதை மட்டும் தன் கணக்கிலிருந்து புதிதாகச் சேர்ந்து தொடர்கிறார்.